குமுக்கன் ஆற்றில் ஒரு பகல்

"என்ன பிள்ளை, இந்த வயசில உனக்கு உல்லாசப் பயணம் கேக்குதோ?"

துணிப்பையோடு படலையைத் தாண்டும்போது பக்கத்து வீட்டுப் பெரியம்மா இப்படித்தான் கேட்டா. நான் நின்று, "இல்லைப் பெரியம்மா, கதிர்காமத்துக்கு நேர்த்தி. காட்டுப் பாதையால நடக்கப் போறம்" என்றேன். அவவின் முகம் உடனே மாறிவிட்டது. சேலைத் தலைப்பின் முடிச்சை அவிழ்த்து நூறு ரூபாய்த் தாளொன்றை எடுத்து, "முருகன்ர உண்டியலில போடு மோனை" என்று என் கையில் திணித்தா.

பஸ்ஸில் இருக்கும்போது அதைத்தான் யோசித்துக்கொண்டு போனேன். கணவனை இழந்த ஒரு பெண் சாமியின் பெயரைச் சொன்னால் ஊர் காசு கொடுத்து வழியனுப்புகிறது. அதே பெண், "களைத்துப் போனேன், இரண்டு நாள் ஓர் ஆற்றங்கரையில் இருந்துவிட்டு வருகிறேன்" என்று சொன்னால் அந்த ஊர் என்ன சொல்லும்? உண்மையில் என் மனதில் நேர்த்தி பாதி, ஆறு பாதியாகத்தான் இருந்தது. அந்தப் பாதியைப் பற்றித்தான் இந்தப் பக்கங்களில் எழுத விரும்புகிறேன்.

சல்லியில் பிறந்தவளுக்குத் தண்ணீர் புதிதல்ல. ஒரு பக்கம் கடல், மறுபக்கம் சாம்பல்தீவுக் களப்பு. முத்துமாரி அம்மன் கோயில் மணியையும் அலைச் சத்தத்தையும் ஒன்றாகக் கேட்டு வளர்ந்தவர்கள் நாங்கள். ஆனாலும் எங்கள் ஊர்ப் பெண்களுக்குத் தண்ணீர் என்றால் வேலைதான். கிணற்றில் அள்ளுவது, துணி தோய்ப்பது, மீன் கழுவுவது, களப்பில் இறால் தடவுவது. நீந்தி விளையாடுவது ஆண் பிள்ளைகளுக்கு. பெரியபிள்ளையானதோடு அந்த விளையாட்டும் எங்களுக்கு முடிந்துவிடும்.

2004 மார்கழி 26ஆம் திகதிக்குப் பிறகு, இருந்த கொஞ்ச உறவும் எனக்கு அற்றுப் போனது. அன்று கடல் என் தங்கச்சியைக் கொண்டுபோனது. அதன் பிறகு கடற்கரையில் குடியிருந்துகொண்டே கடலில் கால் நனைக்காமல் வருடங்களைக் கழித்தேன். குளிப்பதெல்லாம் கிணற்றடியில், வாளியால் மட்டும். முழங்காலுக்கு மேல் தண்ணீர் வந்தால் நெஞ்சு அடைக்கும். வாசிக்கும் சகோதரிகளில் பலருக்கு இது விளங்கும்.

எங்கள் சங்கத்தில் ஏழு பேர் சேர்ந்து புறப்பட்டோம். செல்வச்சந்நிதியிலிருந்து புறப்படும் பாதயாத்திரைக்காரர் முல்லைத்தீவு, திருகோணமலை, வெருகல், மட்டக்களப்பு என்று கரையோரமாகவே ஒரு மாதத்துக்கு மேல் நடப்பார்கள். எங்களுக்கு அவ்வளவு நாள் வீட்டை விட முடியாது. உகந்தை மட்டும் பஸ்ஸில் போய், அங்கிருந்து காட்டுக்குள்ளால் கதிர்காமம் வரை நடப்பது என்று தீர்மானித்தோம்.

கிண்ணியா, மூதூர், வெருகல் வழியாகத்தான் பஸ் போனது. மகாவலி கங்கை வந்து கொட்டியாரக் குடாவில் விழுகிற பூமி இது. 335 கிலோமீற்றர் ஓடி வருகிற, நாட்டின் மிக நீண்ட ஆறு எங்கள் மாவட்டத்தில்தான் கடலைச் சேருகிறது. பொல்கொல்ல, கொத்மலை, விக்டோரியா, ரந்தெனிகல, ரந்தம்பே என்று அணைகளையெல்லாம் தாண்டித்தான் அது இங்கே வருகிறது. அந்த அணைகளால் நெல் விளைந்தது, வெளிச்சம் வந்தது. அதை மறுக்கக் கூடாது. ஆனால் தன் விருப்பத்துக்கு ஓடுகிற ஆறு என்று அதைச் சொல்ல முடியாது.

வெருகல் பாலத்தில் பஸ் ஏறியபோது, ஈச்சிலம்பற்றில் வாழ்க்கைப்பட்ட என் மச்சாள் யன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டா. 2006 ஆடியில் மாவிலாற்று மதகு மூடப்பட்டதும், அதிலிருந்து சண்டை தொடங்கியதும் எல்லோருக்கும் தெரிந்த கதை. அந்தச் சண்டையில் ஈச்சிலம்பற்றுச் சனம் வெருகலைக் கடந்து வாகரைப் பக்கம் ஓடியது. அப்போது அங்கே பாலம் இல்லை.

"ஒரு கையில பிள்ளை, மற்றக் கையில பானை. ஆறு எப்பிடி இருந்ததெண்டு எனக்கு இப்பவும் தெரியாது மச்சாள். நான் அக்கரையை மட்டும்தான் பாத்தனான்" என்றா.

நான் ஒன்றும் சொல்லவில்லை. ஆனால் அந்தச் சொல் வழி முழுக்க என்னோடு வந்தது. எங்கள் வயதுப் பெண்கள் ஆறுகளையும் களப்புகளையும் பலமுறை கடந்திருக்கிறோம். எல்லாம் ஓடித் தப்புவதற்காகக் கடந்தவை. ஆற்றைப் பார்ப்பதற்கு ஒருவருக்கும் நேரம் இருக்கவில்லை.

உகந்தை முருகனைக் கும்பிட்டுவிட்டுப் பதிவுக்கு வரிசையில் நின்றோம். பெயர், அடையாள அட்டை இலக்கம், ஊர். பதிவு என்ற சொல்லைக் கேட்டாலே எங்களுக்கு உள்ளங்கை வியர்க்கிறது. மேசையில் இருந்தவர் என் பெயரை எழுதிவிட்டு, "எத்தனை பேர்? தண்ணி இருக்கா?" என்று மட்டும் கேட்டார். காட்டுக்குள் போனவர்கள் எல்லோரும் வெளியே வந்தார்களா என்று பார்க்கத்தான் அந்தக் கணக்கு என்று பிறகு ஒருவர் விளக்கினார்.

உகந்தைக்கு அப்பால் தொடங்குவது குமண தேசியப் பூங்கா. முன்பு யால கிழக்கு என்று பெயர். 1938இல் குமணவில் பறவைகளுக்கென்று சரணாலயம் வந்தது. 1970இல் இந்தப் பகுதி தேசியப் பூங்கா ஆனது. யுத்தத்தினால் 1985இலிருந்து 2003 வரை மூடிக் கிடந்தது. திறந்த அடுத்த வருடமே சுனாமி வந்து அந்தக் கரையையும் அடித்தது. எங்கள் கரையைப் போலவே அந்தக் காடும் இரண்டு அடியையும் வாங்கியிருக்கிறது என்று அறிந்தபோது, அது எனக்கு ஏதோ சொந்தம் போலத் தோன்றியது.

வருடத்தில் மற்ற நாட்களில் ஜீப் பிடித்து, கட்டணம் கட்டித்தான் உள்ளே போகலாம். ஆற்றோரத்தில் கூடாரம் அடித்துத் தங்குவதற்கும் முன்கூட்டியே அனுமதி எடுக்க வேண்டும். இதெல்லாம் எங்களைப் போன்றவர்களின் கைக்கு எட்டாது. கதிர்காமத் திருவிழாவை ஒட்டி ஏறக்குறைய இரண்டு வாரம் மட்டும் காட்டுப் பாதையை யாத்திரிகருக்குத் திறந்துவிடுகிறார்கள். ஏழைப் பெண்ணுக்கும் அந்தக் காடு திறக்கிற நாட்கள் அவைதான்.

முதல் நாள் வெயில் எங்களை வாட்டி எடுத்தது. செம்மண் தூசி, பாலை மரங்கள், வழியெல்லாம் யானை இலத்தி. முன்னால் போகிறவர்கள் "அரோகரா" என்று குரல் கொடுக்க, பின்னால் வருகிறவர்கள் அதைப் பிடித்துக்கொள்வார்கள். பக்திக்கு மட்டுமல்ல, மிருகங்கள் விலகுவதற்கும் அந்தச் சத்தம் உதவும் என்று பழையவர்கள் சொன்னார்கள். அன்றிரவு வாகூரவெட்டையில் படுத்தோம். அடுத்த நாள் குமுக்கன் ஆற்றை அடைந்தோம்.

பெரிய வரைபடத்தில் அதைக் கும்புக்கன் ஓயா என்று போட்டிருப்பார்கள். எங்கள் யாத்திரிகர் வாயில் அது குமுக்கன். 'கும்புக்' என்று சிங்களத்தில் சொல்வது மருத மரத்தை. கரை இரண்டிலும் அந்த மருத மரங்கள்தான். வெள்ளைப் பட்டையோடு, நாலு பேர் கைகோத்தாலும் கட்ட முடியாத பருமனில் நிற்கின்றன. வேர்கள் ஆற்று மணலை விரல்களால் பிடித்தது போல இறுக்கிப் பிடித்திருக்கின்றன. வெளியே நெருப்பு வெயில் எரிய, மரத்தின் கீழே கால் வைத்ததும் வேறொரு நாட்டுக்கு வந்தது போல இருந்தது.

ஆறு ஆர்ப்பாட்டம் ஒன்றும் செய்யவில்லை. வரட்சிக் காலம் என்றபடியால் நடுவில் இடுப்பளவு, ஓரத்தில் முழங்காலளவு. அடியில் கிடக்கிற மணல் எண்ணிப் பார்க்கலாம் போலத் தெரிந்தது. வனஜீவராசிகள் திணைக்களத்துத் தம்பி ஒருவர் கொச்சைத் தமிழில், "அக்கா, அந்தப் பக்கம் ஆழம், முதலை இருக்கு. இங்க குளிங்க, எல்லாரும் ஒண்டா குளிங்க" என்று கையால் எல்லை காட்டினார். இந்தப் பேச்சை நீங்களும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். காட்டாற்றில் காட்டிய இடத்தில் மட்டும், கூட்டமாக, வெளிச்சம் இருக்கும்போது மட்டும்தான் இறங்க வேண்டும்.

எங்களோடு வந்த மாமிக்கு அறுபத்தெட்டு வயது. நேற்று வரை கால் உளைவு, இடுப்புப் பிடிப்பு என்று வந்தவ. குறுக்குக்கட்டோடு முதலில் இறங்கியது அவதான். தண்ணீரில் இருந்துகொண்டு இரண்டு கையாலும் அள்ளி மற்றவர்கள் மேல் வீசத் தொடங்கினா. "மாமி, என்ன இது சின்னப் பிள்ளை மாதிரி" என்று யாரோ சொல்ல, "எனக்குச் சின்னப் பிள்ளையா இருக்க ஆர் விட்டவை? பதினாறு வயசில கலியாணம் கட்டித் தந்தவை" என்றா. எல்லோரும் சிரித்தோம். அப்படிச் சத்தம் போட்டுச் சிரிப்பதற்கும் எங்களுக்கு ஒரு காடு தேவைப்பட்டிருக்கிறது.

நான் கரையில்தான் நின்றேன். மச்சாள் திரும்பி வந்து கையை நீட்டினா. "வா. இது கடல் இல்லை. இது வந்து திருப்பி அடிக்காது. போய்க்கொண்டேதான் இருக்கும்" என்றா. எத்தனை பேர் எத்தனை விதமாக எனக்கு ஆறுதல் சொல்லியிருக்கிறார்கள். ஆலோசனை வகுப்புகளிலும் இருந்திருக்கிறேன். அந்த ஒரு சொல்தான் என்னை இறக்கியது. கணுக்கால், முழங்கால், இடுப்பு. நெஞ்சு அடைத்தது உண்மை. ஆனால் தண்ணீர் என்னை இழுக்கவும் இல்லை, தள்ளவும் இல்லை. உரசிக்கொண்டு போனது. மூன்று முறை தலை முழுகினேன். தங்கச்சியை நினைத்து அழுதேன். முகம் முழுக்க ஆற்றுத் தண்ணீர் என்றபடியால் ஒருவருக்கும் தெரியவில்லை.

பிறகு மணலில் ஊற்றுத் தோண்டினோம். ஓடுகிற தண்ணீரைக் குடிக்காமல், கரை மணலில் கையால் பள்ளம் பறித்துக் காத்திருந்தால் வடிந்த தெளிந்த நீர் ஊறிவரும். கூழாங்கல்லும் மணலும் வடிகட்டித் தருகிற தண்ணீர் அது. ஒரு சிரட்டையால் அள்ளி ஆளுக்கு ஆள் குடித்தோம். இளநீர் தோற்றுப் போகும்.

இந்த ஆறு இப்படி இருப்பது தற்செயலாக அல்ல. லுணுகலை மலைப் பக்கம் தொடங்கி, மொனராகலை மாவட்டத்தால் வந்து கடலில் சேரும்வரை இதன் நீளம் சுமார் 116 கிலோமீற்றர். கடைசிப் பகுதியில் ஒரு கரை குமணப் பூங்கா, மறுகரை யால. அங்கே மரம் தறிக்க முடியாது, மணல் அள்ள முடியாது, வீடு கட்ட முடியாது. அதனால்தான் மருத மரங்கள் நிற்கின்றன. மரங்கள் நிற்பதால் கரை நிற்கிறது, கரை நிற்பதால் தண்ணீர் தெளிவாக இருக்கிறது. ஆறு பெருகும்போது அரை மைல் வாய்க்காலொன்றால் தண்ணீர் குமண வில்லுக்குப் போகும். 200 ஹெக்டேயர் அளவான அந்த வில்லில்தான் கொக்கு, நாரை, கூழைக்கடா எல்லாம் கூடு கட்டிக் குஞ்சு பொரிக்கின்றன. ஆற்றை மறித்தால் அந்தக் கூடுகளும் போய்விடும்.

ஆனால் பூங்காவுக்கு மேலே இருக்கிற ஆற்றுக்கு இந்தக் காவல் இல்லை. அங்கே வயலும் உண்டு, மணல் அகழ்வும் உண்டு. மேலே பெரிய நீர்த்தேக்கம் கட்டும் யோசனையும் நீண்ட காலமாகப் பேசப்பட்டு வந்திருக்கிறது. அந்தப் பக்கத்து விவசாயிகளுக்கும் தண்ணீர் வேண்டும், அது நியாயம். கீழே இருக்கிற ஆற்றுக்கும் ஒரு பங்கு வேண்டும் என்று பேசுவதற்கு ஒருவர் இருக்க வேண்டும் என்பதுதான் என் கவலை. எங்கள் நாட்டில் காட்டுக்குச் சட்டம் உண்டு. அந்தக் காட்டின் நிழலில்தான் ஆறும் தப்பிப் பிழைக்கிறது.

அமெரிக்காவில் 1968இல் ஆறுகளுக்கென்றே ஒரு சட்டம் கொண்டுவந்தார்கள். தொடக்கத்தில் எட்டு ஆறுகளைத் தெரிந்தெடுத்து, அவற்றை மறிக்காமல் ஓட விடவேண்டும் என்று விதித்தார்கள். அழகும், மக்கள் சென்று மகிழ்ந்து இளைப்பாறக் கூடிய தன்மையும் ஒரு ஆற்றைக் காப்பதற்குப் போதிய காரணங்கள் என்று அந்தச் சட்டம் ஒப்புக்கொள்கிறது. அதில் முதல் வகை, அணை இல்லாத, பெரும்பாலும் நடைபாதையால் மட்டும் போய்ச் சேரக்கூடிய காட்டு ஆறுகள். சங்கத்துக்கு வகுப்பு எடுக்க வந்த ஒரு தங்கச்சி இதைச் சொன்னபோது, எனக்குக் குமுக்கன்தான் நினைவுக்கு வந்தது. நாங்களும் நடந்துதானே போனோம்.

எங்கள் நாட்டிலேயே கித்துல்கலையில் களனி ஆற்றின் பாய்ச்சலில் றப்பர் படகு ஓட்டி விளையாட வெளிநாட்டவரும் உள்நாட்டவரும் போகிறார்கள். அந்த விளையாட்டால் அங்கே பல குடும்பங்கள் பிழைக்கின்றன. மேலே பிராட்லண்ட்ஸ் நீர்மின் திட்டம் வந்தபோது, ஆற்றின் வேகம் போய்விடுமோ என்று அவர்கள் கவலைப்பட்டார்கள். ஓடுகிற ஆறும் சோறு போடும் என்பதை அவர்கள் கண்டிருந்தார்கள்.

நல்லதை மட்டும் எழுதிவிட்டுப் போனால் அது சரியாகாது. ஆற்றங்கரையில் சவர்க்காரப் பேப்பர், ஷம்பூப் பைக்கற், பொலித்தீன், பழைய துணி எல்லாம் கிடந்தன. முருகன் பெயரால் வந்தவர்கள்தான் போட்டது. நாங்களும் முதலில் சவர்க்காரத்தைக் கையில் எடுத்தவர்கள்தான். மாமிதான், "கீழ ஊற்றுத் தோண்டிக் குடிக்கிறவையும் மனிசர்தானே" என்று வாங்கி வைத்தா. பிறகு ஒரு உரப்பையில் குப்பையைப் பொறுக்கிக் கட்டி, பொறுப்பாக நின்றவர்களிடம் கொடுத்தோம்.

பெண்களுக்கு உடை மாற்ற ஒரு மறைவு இல்லை. இரண்டு சேலைகளை மரத்துக்கு மரம் கட்டி நாங்களே செய்துகொண்டோம். மலசலகூட வசதியும் போதாது. மாதவிலக்கு நாளில் வந்துவிட்ட ஒரு பிள்ளை பட்ட பாட்டை நான் கண்டேன். யாத்திரையை ஒழுங்கு செய்கிற கூட்டங்களில் ஆண்கள்தான் பெரும்பாலும் இருக்கிறார்கள். இந்தத் தேவைகள் அங்கே பேசப்பட வேண்டுமென்றால் நாங்கள்தான் போய்ப் பேச வேண்டும்.

அன்றிரவு ஆற்று மணலில் படுத்தோம். தூரத்தில் யானை பிளிறியது. யாரோ காவடிப் பாட்டை மெல்லச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். பக்கத்தில் கிடந்த மச்சாள், நித்திரை என்றுதான் நினைத்தேன், திடீரென்று பேசினா.

"இண்டைக்கு ஆத்தைக் கடக்கேக்க நடுவில நிண்டனான், கண்டனியோ?"

"கண்டனான். ஏன் நிண்டனீ?"

"சும்மா. ஒருத்தரும் துரத்தேல்லைத்தானே. மீன் ஓடுறதைப் பாத்துக்கொண்டு நிண்டனான்."

அதன் பிறகு நாவலடி, வியாழை, வள்ளியம்மன் ஆறு, கட்டகாமம் என்று நடந்து, மாணிக்க கங்கையில் குளித்து, கதிர்காமக் கந்தனைக் கும்பிட்டோம். பெரியம்மாவின் நூறு ரூபாயை உண்டியலில் போட்டேன். அந்த மூன்று நாள் நடையையும் எழுதினால் இன்னொரு கட்டுரை வேண்டும். என் மனம் குமுக்கனிலேயே நின்றுவிட்டது.

சகோதரிகளே, யுத்தமும் சுனாமியும் எங்களிடமிருந்து எடுத்தவற்றைக் கணக்கெடுத்தவர்கள் ஆட்களை எழுதினார்கள், வீடுகளை எழுதினார்கள், வள்ளங்களையும் வலைகளையும் எழுதினார்கள். ஒரு பெண் தண்ணீரில் இறங்கி நிம்மதியாக நிற்கிற உரிமையை எந்தப் படிவத்திலும் ஒருவரும் எழுதவில்லை. அதையும் நாங்கள் இழந்திருந்தோம். அது எனக்குத் திரும்பக் கிடைத்தது, யாரோ ஒரு ஆற்றை அது ஓடுகிறபடியே ஓட விட்டுவைத்ததால். ஆகவே அப்படிப்பட்ட ஒரு இடத்தைக் காப்பது மிருகங்களுக்கும் பறவைகளுக்கும் மட்டும் செய்கிற உதவியல்ல. எங்களுக்கும் அதில் பங்கு உண்டு. போகிறவர்கள் அதைப் போனது போலவே விட்டுவிட்டு வரவேண்டிய கடமையும் உண்டு.

இப்போது பின்னேரங்களில் பேத்தியைக் கூட்டிக்கொண்டு களப்போரம் போகிறேன். அவள் தண்ணீரில் விளையாடும்போது முன்பு போலக் கரையில் நின்று கத்துவதில்லை. நானும் முழங்கால் வரை இறங்கி அவள் பக்கத்தில் நிற்கிறேன். கடலுக்கு இன்னும் போகவில்லை. அதற்கு அவசரமும் இல்லை.

திரும்பி வந்த அன்று படலையடியில் பெரியம்மா காத்திருந்தா. திருநீறும் குங்குமமும் கொடுத்தேன். பூசிக்கொண்டு, "சாமி வடிவாக் கும்பிட்டியோ?" என்று கேட்டா.

"கும்பிட்டன் பெரியம்மா."

கொஞ்ச நேரம் பேசாமல் நின்றா. பிறகு குரலைத் தாழ்த்தி, "அந்த ஆத்தில குளிச்சியோ? தண்ணி எப்பிடி, குளிரோ?" என்றா.

"நல்ல குளிர்" என்றேன்.

"வாற வருசம் எனக்கும் ஒரு நேர்த்தி இருக்கு" என்றா பெரியம்மா.